மாயா என்றால் பொய்யா?

வாசகர் கேள்வி:

எங்கள் மகளுக்கு ஒன்பது வயது. பெயர் மாயா. எந்த நாட்டுக்குப் போனாலும் யாரும் தப்பாகச் சொல்லிவிடாத சின்னப் பெயராக இருக்கட்டும் என்று வைத்தோம். போன வாரம் வகுப்பில் பெயரின் பொருளை எழுதிவரச் சொன்னார்கள். இணையத்தில் தேடினால் ஒரு தளத்தில் 'நீர்', ஒன்றில் 'தாய்', ஒன்றில் 'அன்பு', இன்னொன்றில் 'மாயத்தோற்றம்' என்று இருக்கிறது. கூடப் படிக்கும் பையன் ஒருவன் "மாயான்னா பொய்" என்று சொல்லிவிட்டானாம். அன்றிலிருந்து பெயரை மாற்றச் சொல்லி ஒரே அடம். உறவினர்களும் "அப்பவே சொன்னோமே" என்கிறார்கள். உண்மையான பொருள் எது? மாற்றிவிடலாமா? இன்னொரு சந்தேகம். எங்களுக்குக் குடும்பப்பெயர் என்று எதுவும் கிடையாது. அவளுடைய பாஸ்போர்ட் படிவத்தில் அந்தக் கட்டத்தில் என் கணவரின் பெயரை எழுதினோம். அது தவறா? நல்ல பொருளுள்ள குடும்பப்பெயர் ஒன்றை நாங்களே உருவாக்கிக்கொள்ளலாமா?

பதில்:

அன்புள்ள சகோதரிக்கு,

கடிதத்தோடு நீங்கள் அனுப்பியிருந்த வேலைத்தாளின் படத்தைத்தான் முதலில் பார்த்தேன். 'என் பெயரின் பொருள்' என்பதற்கு எதிரே ஒரே ஒரு கோடு. அதில் 'நீர்' என்று எழுதி அழித்த தடம் தெரிகிறது. அதன்மேல் 'தாய்'. அதையும் அழித்திருக்கிறாள். ரப்பரை அழுத்தித் தேய்த்ததில் அந்த இடத்தில் தாள் மெலிந்து லேசாகக் கிழிந்திருக்கிறது. சொற்பிறப்பியல் அகராதி வேலையில் இருபது வருடங்களுக்கு மேலாக நானும் இதைத்தான் செய்துவருகிறேன். எழுதுவது, அழிப்பது, மறுபடி எழுதுவது. அதனால் உங்கள் மகளை இந்தத் தொழிலில் ஒரு சின்னக் கூட்டாளியாக நினைத்துக்கொண்டே பதில் எழுதுகிறேன்.

பெயரை மாற்ற வேண்டாம். நீங்கள் பார்த்த நான்கு தளங்களும் ஆளுக்கொரு பக்கம் உண்மையைத்தான் சொல்லியிருக்கின்றன. எந்த மொழியின் மாயா என்று மட்டும் சொல்லாமல் விட்டுவிட்டன. குழப்பம் அங்கேதான் வந்தது.

'மாயா' இரண்டே அசை. நாக்கைப் புரட்ட வேண்டியதில்லை, உதட்டைச் சேர்த்துத் திறந்தாலே பாதிப் பெயர் வந்துவிடும். இவ்வளவு எளிய ஒலிகள் ஒன்றுக்கொன்று சம்பந்தமே இல்லாத மொழிகளில் தனித்தனியாகப் பிறப்பது சகஜம். கேட்க ஒன்றுபோல இருக்கும், பிறந்த வீடு வேறு வேறாக இருக்கும். எந்த நாட்டிலும் சொல்ல எளிதான பெயர் வேண்டும் என்று தேடினீர்கள் அல்லவா? எல்லா நாட்டிலும் ஏதோ ஒரு பொருள் உள்ள பெயராக அது அமைந்துவிட்டது.

'தாய்' என்றது கிரேக்கப் பக்கம். அங்கே 'மையா' என்பது மூத்த பெண்ணை, செவிலியை, மருத்துவச்சியைக் குறிக்கும் சொல். ஹெர்மிஸ் என்ற தேவனின் தாய்க்கும் அதுதான் பெயர். 'நீர்' என்றது எபிரேயப் பக்கம். அந்த மொழியில் நீருக்கு 'மயிம்' என்று பெயர், அதோடு சேர்த்து இந்தப் பெயருக்குப் பொருள் சொல்வார்கள். இது போதாதென்று அமெரிக்கக் கவிஞர் மாயா ஏஞ்சலோ இருக்கிறார். 1928இல் அவர் பிறந்தபோது வைத்த பெயர் மார்கரீட். அண்ணன் பெய்லி சிறுவனாக இருந்தபோது 'என் தங்கை' என்ற பொருளில் 'மையா சிஸ்டர்' என்று கூப்பிடுவான். அதுவே சுருங்கி மாயா ஆகி, கடைசிவரை நின்றுவிட்டது. அந்த மாயாவுக்கு எந்த அகராதியைப் புரட்டினாலும் வேர் கிடைக்காது. 'என்னுடையவள்' என்று ஒரு அண்ணன் மழலையில் சொன்னதுதான் வேர்.

இப்போது உங்கள் மகளுக்கு வருவோம். நீங்கள் எந்த மொழியையும் மனதில் வைத்துப் பெயர் தேடவில்லை என்றாலும், நம் காதுக்குப் பழகிய மாயா சமஸ்கிருதத்தின் வழியாக வந்தவள். ரிக்வேதத்தில் அந்தச் சொல்லுக்கு வியக்கவைக்கும் ஆற்றல், ஒன்றை உண்டாக்கிக் காட்டும் திறன் என்று பொருள். இந்திரனுக்கும் வருணனுக்கும் அந்த ஆற்றல் உண்டு. எதிரி கையில் இருந்தால் அதே ஆற்றலுக்குச் சூழ்ச்சி என்று பெயர். பல நூற்றாண்டு கழித்து, கண்ணால் காணும் உலகத்தின் நிலை என்ன என்று விளக்க வேதாந்திகள் இந்தச் சொல்லை எடுத்துக்கொண்டார்கள். தமிழில் நாம் மாயை, மாயம், மாயாஜாலம் என்றெல்லாம் சொல்வதில் பழைய வியப்பும் இருக்கிறது, பிந்திய ஐயமும் இருக்கிறது. அந்தப் பையன் பிடித்துக்கொண்டது பிந்தியதை மட்டும்.

அவன் நேபாளத்தில் பிறந்திருந்தால் என்ன சொல்லியிருப்பான் தெரியுமா? நேபாளி மொழியில் 'மாயா' என்றால் அன்பு, காதல். சுற்றி வளைத்துச் சொல்லும் பொருளில்லை, அன்றாடப் பேச்சில் அன்புக்கு அதுதான் சொல். வங்காளத்தில் பாசம், இரக்கம், விட்டுப் பிரிய முடியாத ஒட்டுதல். நீங்கள் பார்த்த 'அன்பு'த் தளமும் 'மாயத்தோற்ற'த் தளமும் ஒரே சொல்லைத்தான் சொல்கின்றன. உலகத்தோடு நம்மைக் கட்டிவைக்கும் மயக்கம் என்று தத்துவவாதி சலித்துக்கொண்டதையே, அந்த மொழிக்காரர்கள் அன்பு என்று எடுத்துக்கொண்டார்கள். எனக்கென்னவோ அவர்கள் கட்சிதான் பிடித்திருக்கிறது. அப்புறம், புத்தரைப் பெற்ற தாயின் பெயரும் மாயாதான். பெற்ற பெண்ணுக்கு யாராவது பொய் என்று பெயர் வைப்பார்களா?

தமிழில் தேடியிருந்தால் ஐந்தாவதாகவும் ஒன்று கிடைத்திருக்கும். சங்கப் பாடல்களில் 'மாயோள்' என்று ஒருத்தி வருவாள். 'மா' என்றால் கருமை, மாயோள் என்றால் மாநிறத்து அழகி. திருமாலுக்கு மாயோன் என்ற பெயர் வந்ததும் அந்த நிறத்தால்தான். இதை எடுத்து உங்கள் மகள் பெயருக்கு வேர் என்று சொல்லிவிடலாமா என்று எனக்கே சபலம் தட்டியது. ஆனால் ஒலி ஒத்துப்போகிறது என்பதற்காகச் சொற்களுக்கு உறவு சொல்வது, முகச்சாயலைக் காட்டிச் சொத்தில் பங்கு கேட்பது மாதிரி. நடுவில் வழி இருக்க வேண்டும். எந்த மொழியிலிருந்து எந்த மொழிக்கு, எந்தக் காலத்தில், எந்த எழுத்து மாறி வந்தது என்று காட்ட முடியாவிட்டால் அது வெறும் சாயல்தான்.

பெயர்ப் பொருள் சொல்லும் தளங்களில் பல இந்த வழியைப் பார்ப்பதே இல்லை. வனெஸ்ஸா என்ற பெயரைத் தேடிப் பாருங்கள், 'பட்டாம்பூச்சி' என்று வரும். அந்தப் பெயர் 18ஆம் நூற்றாண்டில் ஜோனதன் ஸ்விஃப்ட் என்ற எழுத்தாளர் உண்டாக்கியது. எஸ்தர் வானம்ரி என்ற தோழியின் குடும்பப்பெயரிலிருந்து 'வான்', எஸ்தரிலிருந்து 'எஸ்ஸா', இரண்டையும் ஒட்டினார். அவ்வளவுதான் கதை. பட்டாம்பூச்சி இனம் ஒன்றுக்குப் பூச்சியியலாளர் ஒருவர் அந்தப் பெயரைச் சூட்டியது அதற்குப் பிறகு, 1807இல். பூச்சிக்குப் பெண்ணின் பெயர் போனதே தவிர, பூச்சியிலிருந்து பெண்ணுக்கு வரவில்லை. இனிமேல் இப்படிப்பட்ட தளத்தைப் பார்க்கும்போது, பெயருக்குப் பக்கத்தில் மொழி போட்டிருக்கிறதா என்று மட்டும் பாருங்கள். மொழியே சொல்லாமல் 'அழகானவள், அறிவானவள், அதிர்ஷ்டசாலி' என்று மூன்று பட்டம் கொடுத்தால் ஜன்னலை மூடிவிடலாம். எழுத்தைக் கூட்டிக் கணக்குப் போட்டு குணம் சொல்வதும் அதே கதைதான். மாயா என்பதைத் தமிழில் எழுதினால் ஒரு கூட்டுத்தொகை, ஆங்கிலத்தில் எழுதினால் வேறு. எழுத்து மாறினால் பிள்ளையின் குணமும் மாறுமா என்ன?

உறவினர்களுக்கு ஒரு வார்த்தை. 'பொருள் சரியில்லாத பெயர் வைத்தால் பிள்ளைக்கு ஆகாது' என்று யாராவது சொன்னால் அவர்களிடம் இதைச் சொல்லுங்கள். 2010 முதல் 2016 வரை பிரிட்டனின் பிரதமராக இருந்தவர் டேவிட் கேமரூன். கேமரூன் என்பதற்கு ஸ்காட்லாந்தின் கேலிக் மொழியில் 'வளைந்த மூக்கு' என்று பொருள் சொல்கிறார்கள். கேம்பெல் என்றால் 'கோணல் வாய்'. கிளாடியா என்ற பெயரின் லத்தீன் வேர் நொண்டுவதைக் குறிக்கும், செசிலியாவின் வேர் பார்வையின்மையைக் குறிக்கும், போர்ஷியா பன்றியில் போய் முடியும். இந்தப் பெயர்களோடு எத்தனையோ பெண்கள் உலகம் முழுக்க நன்றாகத்தான் இருக்கிறார்கள். மங்கோலியாவில் இன்னும் ஒரு படி மேலே. குழந்தை தங்காத வீட்டில் அடுத்த பிள்ளை பிறந்தால் கெட்ட ஆவியின் கண்ணில் படக்கூடாது என்று வேண்டுமென்றே ஏமாற்றுப் பெயர் வைப்பார்கள். 'நெர்கூய்' என்றால் பெயரில்லை. 'எனேபிஷ்' என்றால் இது இல்லை. 'ஹூன்பிஷ்' என்றால் மனிதனே இல்லை! அகராதிப்படி பார்த்தால் இதைவிட மோசமான பெயர் கிடையாது. ஆனால் பெற்றவர்கள் பிள்ளைமேல் வைத்த பயத்தையும் பாசத்தையும் இதைவிடத் தெளிவாகச் சொல்லும் பெயரும் எனக்குத் தெரிந்து இல்லை.

பொருள் முக்கியமே இல்லையா என்று கேட்பீர்கள். சில பெயர்கள் பொருளோடுதான் பயணம் செய்யும், சில பெயர்கள் ஒலியோடு மட்டும். 'இறைவன் அருள் புரிந்தான்' என்ற எபிரேயப் பெயர் யோகனான். அது லத்தீனில் யோகன்னஸ், ஆங்கிலத்தில் ஜான், ரஷ்யாவில் இவான், ஸ்பெயினில் ஹுவான், இத்தாலியில் ஜொவான்னி, அயர்லாந்தில் ஷான் என்று ஆனது. ஒலி போய்க்கொண்டே இருந்தது, அருளை வழியில் எல்லோரும் மறந்துவிட்டார்கள். தமிழில் வேறு ஒரு காரியம் நடந்தது. ஒலியை யோவான் என்று கொண்டுவந்ததோடு நிறுத்தாமல், பொருளையும் பெயர்த்து 'அருளப்பர்' என்றார்கள். புனித பால் என்பவருடைய பெயரின் லத்தீன் வடிவமான பவுலஸ் என்றால் சிறியவர். அவர் இங்கே வந்து 'சின்னப்பர்' ஆனார். சின்னப்பன் என்ற பெயருள்ள ஒருவர் பாரிஸில் பால் என்பவரைச் சந்தித்தால் இருவருக்கும் ஒரே பெயர். கைகுலுக்கும்போது இருவருக்கும் தெரியாது, அவ்வளவுதான்.

சரி, குடும்பப்பெயருக்கு வருகிறேன். படிவத்தில் அந்தக் கட்டம் இருப்பதால் உலகத்தில் எல்லோருக்கும் ஆதியிலிருந்து குடும்பப்பெயர் இருந்தது போலவும், உங்கள் வீட்டில் மட்டும் தொலைந்துவிட்டது போலவும் ஒரு கூச்சம் உங்கள் கடிதத்தில் தெரிகிறது. அப்படியெல்லாம் இல்லை. சீனா போன்ற சில இடங்களில் குடும்பப்பெயர் மிகப் பழையதுதான். ஆனால் பல நாடுகளில் அது அரசாங்கம் வரி வாங்கவும் படைக்கு ஆள் எடுக்கவும் கேட்டு வாங்கியது. ஜப்பானில் சாதாரண மக்கள் எல்லோரும் குடும்பப்பெயர் வைத்தே ஆக வேண்டும் என்று சட்டம் வந்தது 1875இல். துருக்கியில் 1934இல். அதுவரை அங்கே பெரும்பாலோர் உங்களைப் போலத்தான். துருக்கிக் குடியரசை நிறுவிய முஸ்தபா கெமாலுக்கு அந்த வருடம்தான் நாடாளுமன்றம் 'துருக்கியரின் தந்தை' என்ற பொருளில் அத்தாதுர்க் என்ற பெயரைக் கொடுத்தது. பிலிப்பைன்ஸில் 1849இல் ஸ்பானிய ஆளுநர் கிளாவேரியா, அகர வரிசையில் அச்சிட்ட ஒரு பெயர்ப் பட்டியலையே ஊர் ஊராக அனுப்பிவைத்தார். பட்டியலைக் கிழித்துப் பக்கம் பக்கமாகப் பிரித்துக் கொடுத்ததில், சில ஊர்களில் எல்லாக் குடும்பங்களின் பெயரும் ஒரே எழுத்தில் தொடங்கும்! அந்தப் பெயர்களில் போய் முன்னோரின் பெருமையைத் தேடினால் ஒரு எழுத்தரின் மேசைதான் அகப்படும்.

தானாக வளர்ந்த குடும்பப்பெயர்களிலும் ஒரு வேடிக்கை உண்டு. தகப்பன் பெயர், இடம், தொழில், பட்டப்பெயர் என்று நான்கு வழியில்தான் பெரும்பாலும் அவை வந்தன. தொழில் பெயர்களில் எல்லா மொழியிலும் கொல்லர்தான் ராஜா. ஆங்கிலத்தில் ஸ்மித், ஜெர்மனில் ஷ்மிட், ஹங்கேரியில் கோவாச், போலந்தில் கோவால்ஸ்கி, ரஷ்யாவில் குஸ்நெத்ஸோவ், அரபியில் ஹத்தாத். இத்தாலியில் கார் செய்த ஃபெராரியும் அதே இரும்படிக்கும் வழிதான். உலகத்தில் அவ்வளவு கொல்லர்களா இருந்தார்கள்? உழவர்கள்தான் எங்கும் அதிகம். ஆனால் ஊர் முழுக்க உழவராக இருக்கும்போது ஒருவரை 'உழவர்' என்று அடையாளம் சொல்ல முடியாது. கொல்லர் ஊருக்கு ஒருவர், சொன்னால் ஆள் தெரிந்துவிடும். அதனால் அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டது. இடப்பெயரும் இப்படித்தான். 'லண்டன்' என்று குடும்பப்பெயர் உள்ளவரின் முன்னோருக்கு அந்தப் பெயர் லண்டனில் இருந்தபோது வந்திருக்காது, லண்டனை விட்டு வேறு ஊருக்குப் போன பிறகுதான் வந்திருக்கும். ஹங்கேரியில் மிகப் பரவலாக உள்ள குடும்பப்பெயர்களில் ஒன்று ஹோர்வாத். 'குரோவேஷியாக்காரர்' என்று பொருள். சொந்தப் பெயரை அம்மா அப்பா வைப்பார்கள்; இந்தப் பெயரை வைத்தது பக்கத்து வீட்டுக்காரர்கள். ஒரே குடும்பப்பெயர் உள்ள எல்லோரும் ஒரே ரத்தம் என்று நினைப்பதும் அதனால்தான் தப்பு. ஒவ்வொரு ஊர்க் கொல்லருக்கும் தனித்தனியாக ஒரு ஸ்மித் வம்சம். 'உங்கள் குடும்பப்பெயரின் சின்னமும் வரலாறும்' என்று கண்ணாடிச் சட்டம் போட்டு விற்பவர்களிடம் இதைக் கேட்டுப் பாருங்கள், பதில் வராது.

உங்கள் கணவர் பெயரை அந்தக் கட்டத்தில் எழுதியது தவறே இல்லை. ஜான்சன், ஃபெர்னாண்டஸ், இவனோவ் எல்லாம் ஒரு காலத்தில் 'இன்னாரின் பிள்ளை' என்று சொன்ன அப்பா பெயர்கள்தான். அங்கே ஒரு தலைமுறையில் உறைந்து நின்றுவிட்டன, உங்கள் வீட்டில் இன்னும் நகர்ந்துகொண்டிருக்கின்றன. ஐஸ்லாந்தில் இன்றும் அப்படித்தான், மகள் என்றால் அப்பா பெயரோடு 'டோட்டிர்' சேரும், மகன் என்றால் 'சொன்'. அங்கே தொலைபேசிப் பட்டியலையே சொந்தப் பெயர் வரிசையில்தான் அடுக்கினார்கள். எத்தியோப்பியாவிலும் இரண்டாவது பெயர் அப்பாவுடையது. 1960 ரோம் ஒலிம்பிக்கில் வெறுங்காலோடு மாரத்தான் ஓடித் தங்கம் வென்ற அபெபே பிகிலாவை உலகப் பத்திரிகைகள் 'பிகிலா' என்றே எழுதின. ஓடியது அபெபே. பிகிலா அவருடைய அப்பா. ஐக்கிய நாடுகள் சபையின் பொதுச் செயலாளராக இருந்த ஊ தாண்ட்டுக்குப் பெயர் தாண்ட் மட்டும்தான், 'ஊ' என்பது பர்மியர்கள் மரியாதைக்குச் சேர்ப்பது. இந்தோனேசியாவின் அதிபராக இருந்த சுகார்த்தோவுக்கும் ஒற்றைப் பெயர்தான்.

புதிதாகக் குடும்பப்பெயர் உருவாக்கிக்கொள்ளலாமா என்று கேட்டீர்கள். துருக்கியில் ஒரு நாடே செய்தது, நீங்கள் செய்தால் என்ன? ஆனால் பொருளுக்காக மட்டும் செய்யாதீர்கள். நீங்கள் எவ்வளவு அழகான சொல்லைத் தேர்ந்தெடுத்தாலும் அது மகளின் பிள்ளைகள் காலத்தில் வெறும் ஒலியாகிவிடும், ஜானின் அருளைப் போல. நடைமுறையில் வேறு சில விஷயங்களை யோசியுங்கள். அந்தக் கட்டத்தைக் காலியாக விடுவதில்தான் சிக்கல் அதிகம். அமெரிக்க விசாவில் ஒற்றைப் பெயர் உள்ளவர்களின் பெயர் குடும்பப்பெயர்க் கட்டத்துக்குப் போய், சொந்தப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் 'எஃப்என்யு' என்று விழும், அதாவது 'முதற்பெயர் தெரியவில்லை'. அப்புறம் வருகிற கடிதமெல்லாம் அந்தப் பெயருக்கே வரும். கணவர் பெயரை எழுதியதால் உங்களுக்கு அந்தத் தொல்லை இல்லை. ஆனால் ஆங்கிலத்தில் எந்த எழுத்துக்கூட்டலில் எழுதினீர்களோ, அதையே பள்ளிச் சான்றிதழ் முதல் எல்லாவற்றிலும் கண்டிப்பாக வைத்துக்கொள்ளுங்கள். ஒரு எழுத்து கூடினாலும் குறைந்தாலும் அது வேறு ஆள் என்பதுதான் கணினியின் கணக்கு. மகளோடு நீங்கள் மட்டும் தனியாக வெளிநாடு போனால் பிறப்புச் சான்றிதழின் நகலும் கையில் இருக்கட்டும். உங்கள் பாஸ்போர்ட்டிலும் அவளுடைய பாஸ்போர்ட்டிலும் குடும்பப்பெயர் வேறாக இருப்பதைப் பார்த்து அதிகாரிகள் கேட்பது உண்டு.

மறுபடியும் அந்த வேலைத்தாளுக்கு வருகிறேன். இன்றைக்கு இரவு மகளை உட்கார வைத்து நேபாளத்துக் கதையையும் ஏஞ்சலோவின் அண்ணன் கதையையும் சொல்லுங்கள். மங்கோலியக் குழந்தைகளைப் பற்றியும் சொல்லலாம், 'மனிதனே இல்லை' என்ற பெயருக்கு நிச்சயம் சிரிப்பாள். அப்புறம் நீங்கள் எனக்கு எழுதியதை அவளிடமும் சொல்லியிருக்கிறீர்களா என்று யோசித்துப் பாருங்கள். பெயர் தேடிய நாட்களில் இன்னும் எந்தெந்தப் பெயர்கள் பட்டியலில் இருந்தன, யார் எதை வேண்டாம் என்றார்கள், முதன்முதலில் 'மாயா' என்று சொன்னது நீங்களா அவள் அப்பாவா? பிள்ளைகளுக்கு இதைக் கேட்க அலுக்கவே அலுக்காது. இதற்கெல்லாம் அந்த ஒற்றைக் கோடு போதாது. தாளின் பின்பக்கம் காலியாகத்தான் தெரிகிறது, அங்கே எழுதலாமா என்று அவளையே ஆசிரியரிடம் கேட்கச் சொல்லுங்கள். கிழிந்த இடத்துக்கு மட்டும் முதலில் டேப் ஒட்டிவிடுங்கள்.